தண்டனை தீர்ந்த பின்னும் சிறையா?

கோர்ட் ஒருவருக்கு ஏழு ஆண்டு தண்டனை விதித்தால் அவர் ஏழு ஆண்டு ஜெயிலில் இருக்க வேண்டும். அதற்கு மறுநாள் காலையில் அவர் வெளியே இருக்க வேண்டும். இதில் விவாதத்துக்கே இடமில்லை என்றுதான் நாமெல்லோரும் எண்ணிக் கொண்டிருக்கிறோம். ஆனால் மத்தியப் பிரதேசத்தில் ஒரு கைதிக்கு நேர்ந்தது வேறு. கீழ்க் கோர்ட் அவருக்கு ஆயுள் தண்டனை விதித்திருந்தது. 2017-ல் அம்மாநில ஹைகோர்ட் அதை ஏழு ஆண்டாகக் குறைத்தது. குறைத்த பிறகும் அவருக்காக ஜெயில் கதவு திறக்க 2025 ஜூன் மாதம் ஆயிற்று. இடையில் அவர் ஜாமீனில் வெளியே இருந்த காலத்தைக் கழித்துப் பார்த்தாலும், தண்டனைக்கு மேல் நாலரை ஆண்டுக்கும் அதிகமாக அவர் உள்ளே இருந்திருக்கிறார்.

விஷயம் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போயிற்று. நீதிபதிகள் ஜே.பி. பார்திவாலாவும் கே.வி. விசுவநாதனும் (பின்னவர் கோயம்புத்தூர் சட்டக் கல்லூரியில் படித்தவர்) 2025 செப்டம்பர் 8-ந் தேதி, அந்தக் கைதிக்கு மாநில அரசாங்கம் 25 லட்சம் ரூபாய் நஷ்டஈடு தர வேண்டும் என்று உத்தரவிட்டனர். அதோடு நிற்கவில்லை. மத்தியப் பிரதேசத்து ஜெயில்களில் இப்படித் தண்டனை தீர்ந்தும் கிடப்பவர்கள் வேறு எவரேனும் உண்டா என்று கணக்கெடுக்கும்படி அங்குள்ள சட்டப் பணிகள் ஆணையத்துக்குக் கட்டளையிட்டார்கள். இரண்டும் வரவேற்கத்தக்கவை என்பதில் ஐயமில்லை. ஆனால் நமக்கு ஒரு சந்தேகம். 25 லட்சம் என்ற அந்தத் தொகை எந்தக் கணக்கின்படி வந்தது?

மட்டாஞ்சேரி பஜார் ரோட்டிலும் வில்லிங்டன் தீவிலும் வேலை பார்க்கும் நம் வாசகர்களுக்கு 'டெமரேஜ்' என்றால் என்னவென்று விளக்கத் தேவையில்லை. துறைமுகக் கொட்டகையில் சரக்கு இறங்கினால் இத்தனை நாள் இலவசம். கெடு தாண்டினால் நாளொன்றுக்கு இவ்வளவு. இன்னும் தாண்டினால் அதற்கு மேல் இவ்வளவு. ரேட்டு அச்சடித்துச் சுவரில் தொங்குகிறது. மிளகு மூட்டைக்காரர் கெஞ்சினாலும் குமாஸ்தா கைவிரிப்பார். அவர் விருப்பத்தில் எதுவுமில்லை, எல்லாம் அட்டவணையில் இருக்கிறது. நம்முடைய சரக்கு அரசாங்கத்தின் இடத்தில் ஒரு நாள் கூடுதலாகக் கிடந்தால் அதற்கு ரேட்டு உண்டு. நம்மில் ஒரு மனிதனை அரசாங்கம் ஒரு நாள் கூடுதலாகப் பூட்டி வைத்தால் அதற்கு மட்டும் ரேட்டு கிடையாது. சுதந்திரம் வந்து எழுபத்தெட்டு ஆண்டு கடந்த பிறகும் இதுதான் நிலைமை.

ரேட்டு இல்லாததன் விளைவு என்ன என்று பார்க்கலாம். கோர்ட்டுகள் இதுவரை கொடுத்துள்ள தொகைகளை நாட்களால் வகுத்துப் பார்த்தோம். 1983-ல் பீகார் கைதி ஒருவருக்கு, பதினான்கு ஆண்டுக்கு மேல் அநியாயமாக அடைத்து வைத்ததற்கு, மொத்தம் 35,000 ரூபாய் கிடைத்தது. நாளொன்றுக்கு ஏழு ரூபாய்கூட ஆகவில்லை. 2022 மே மாதம் சத்தீஸ்கர் கைதி ஒருவருக்கு ஏழரை லட்சம் ரூபாய் கிடைத்தது. அவருக்கு ஹைகோர்ட் பன்னிரண்டு ஆண்டுத் தண்டனையை ஏழாகக் குறைத்திருந்தது. அவர் இருந்ததோ 10 ஆண்டு, 3 மாதம், 16 நாள். இதில் நாளொன்றுக்குச் சுமார் 620 ரூபாய் விழுகிறது. 2023-ல் குஜராத் ஹைகோர்ட், ஏறக்குறைய மூன்றாண்டு வீணாக உள்ளே இருந்தவருக்கு ஒரு லட்சம் ரூபாய் கொடுத்தது. நாளுக்கு நூறு ரூபாய்கூட இல்லை. மத்தியப் பிரதேசத்துக் கைதிக்கு 1,500-க்குச் சற்றுக் குறைவு. அதே 2025-ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் உத்தரப் பிரதேசம் காஜியாபாத் ஜெயிலில் 28 நாள் அதிகமாக வைக்கப்பட்டவருக்குச் சுப்ரீம் கோர்ட் இடைக்கால நஷ்டஈடாக ஐந்து லட்சம் ரூபாய் கொடுத்தது. அவருக்கு நாளொன்றுக்கு 17,000 ரூபாய்க்கு மேல்!

ரூபாயின் மதிப்பு 1983-ல் இருந்தது வேறு, இன்று இருப்பது வேறு என்பது உண்மைதான். ஆனால் 2022-க்கும் 2025-க்கும் இடையில் அப்படியொன்றும் மாறிவிடவில்லை. இந்த நீதிபதிகள் எவர் மீதும் நாம் குறை சொல்ல வரவில்லை. படிக்கல்லே இல்லாத தராசைக் கையில் கொடுத்து நிறுக்கச் சொன்னால் அவர்கள்தான் என்ன செய்வார்கள்? குற்றம், படிக்கல்லைச் செய்து தராத சட்டசபைகளுடையது; பார்லிமெண்டினுடையது.

முதலில் சொன்ன பீகார் கைதியின் பெயர் ருதுல் ஷா. இந்த விஷயத்தில் இந்திய நாட்டின் சட்டம் அவர் பெயரால்தான் நடக்கிறது. ஆகவே அவர் கதையைச் சற்று விவரமாகச் சொல்வது அவசியம்.

மனைவியைக் கொன்றதாக 1953-ல் அவர் கைது செய்யப்பட்டார். 1968 ஜூன் மாதம் முசாபர்பூர் செஷன்ஸ் கோர்ட் அவரைக் குற்றமற்றவர் என்று விடுதலை செய்தது. தண்டனை தீர்ந்தவர்கூட அல்ல, நிரபராதி. அப்படிப்பட்டவர் ஜெயிலை விட்டு வெளியே வந்த நாள் 1982 அக்டோபர் 16. விடுவிக்க வேண்டும் என்ற மனு சுப்ரீம் கோர்ட்டில் விசாரணைக்கு வந்தபோது, "ஆளை முன்பே விட்டுவிட்டோமே" என்றது பீகார் அரசாங்கத் தரப்பு. அதோடு கேஸைக் கட்டி வைத்திருக்கலாம். தலைமை நீதிபதி ஒய்.வி. சந்திரசூட் விடவில்லை. விட்டது இருக்கட்டும், பதினான்கு ஆண்டு எதற்காக வைத்திருந்தீர்கள் என்று கேட்டார். தீர்ப்பின்போது அவருக்குப் புத்தி சுவாதீனம் இல்லை, அதனால் வைத்திருந்தோம் என்று பதில் வந்தது. என்ன சிகிச்சை கொடுத்தீர்கள், எந்த டாக்டர் பார்த்தார் என்பதற்கெல்லாம் சரியான பதிலில்லை. அரசாங்கம் தானே கொடுத்த கணக்கின்படி பார்த்தாலும், அவர் நலமாக இருக்கிறார் என்று சிவில் சர்ஜன் எழுதியது 1977 பிப்ரவரியில். அதற்குப் பிறகும் ஐந்தரை ஆண்டு அந்தக் காகிதம் எங்கே தூங்கிற்று?

1983 ஆகஸ்டு 1-ந் தேதி வந்த தீர்ப்பில், முன்பு கொடுத்திருந்த 5,000 ரூபாயோடு மேலும் 30,000 ரூபாய் கொடுக்க உத்தரவாயிற்று. தொகை சிறிது என்பதைக் கோர்ட்டே உணர்ந்திருந்தது. முழு நஷ்டத்துக்கு அவர் தனியாக சிவில் வழக்கு போடலாம் என்றும் சேர்த்துச் சொல்லிற்று. பதினான்கு ஆண்டு வீணாய்ப் போன ஏழை, ஸ்டாம்புக் கட்டணம் கட்டி, வக்கீல் வைத்து, இன்னும் பதினான்கு ஆண்டு முன்சீப் கோர்ட் படியேற வேண்டும் என்பதை நினைத்தால் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. ஆயினும் அந்தத் தீர்ப்பு ஒரு பெரிய கதவைத் திறந்தது. அடிப்படை உரிமையை மீறினால் 'இனிமேல் செய்யாதே' என்று அரசாங்கத்தை எச்சரிப்பதோடு கோர்ட்டின் வேலை முடிந்துவிடாது, கையிலிருந்து பணமும் எடுத்து வைக்கச் சொல்லலாம் என்பது அன்றுதான் நிலைநாட்டப்பட்டது.

அதற்கு முன்பு நிலைமை எப்படி இருந்தது? 1861-ல் கல்கத்தா கிதர்ப்பூர் கப்பல் தளத்தில் சர்க்கார் ஆட்கள் இரும்பைக் கீழே போட்டு, பி அண்டு ஓ கப்பல் கம்பெனியின் வண்டிக் குதிரைக்குக் காயம் உண்டாயிற்று. அந்தக் குதிரைக்காக சர்க்கார் பொறுப்பேற்க வேண்டியதுதான் என்று கோர்ட் தீர்ப்பளித்தது. ஆனால் ராஜாங்க அதிகாரத்தைச் செலுத்தும் காரியங்களில் பொறுப்பு வேறு என்றும் அதிலே ஒரு வால் ஒட்டிக் கொண்டது. நூறாண்டு கழித்து அந்த வால் ஒரு தங்க வியாபாரியைக் கடித்தது. 1947-ல் மீரட் போலீசார் அவரிடமிருந்து பறிமுதல் செய்த தங்கத்தை ஸ்டேஷனில் வைத்திருந்தார்கள். அதை எடுத்துக் கொண்டு ஒரு ஹெட்கான்ஸ்டபிள் பாகிஸ்தானுக்கு ஓடிவிட்டார். 1964-ல் சுப்ரீம் கோர்ட், போலீஸ் வேலை ராஜாங்க அதிகாரத்தைச் சேர்ந்தது. ஆகவே அரசாங்கத்திடம் கேட்க முடியாது என்று கூறிவிட்டது. நிலைமை திருப்திகரமாக இல்லை, சட்டம் இயற்றுங்கள் என்றும் அதே தீர்ப்பில் வற்புறுத்தியது. சட்டக் கமிஷன் 1956-லேயே தன்னுடைய முதல் அறிக்கையில் இதைத்தான் சொல்லியிருந்தது. 1965-லும் 1967-லும் பார்லிமெண்டில் மசோதாக்கள் வந்தன. இரண்டும் காலாவதியாயின. பிறகு எவரும் அந்தப் பக்கம் தலைவைத்துப் படுக்கவில்லை.

இதிலே இன்னொரு வேடிக்கையும் உண்டு. சட்ட விரோதமாகக் காவலில் வைக்கப்பட்டவருக்கு நஷ்டஈடு பெறும் உரிமை உண்டு என்று ஐக்கிய நாடுகளின் சிவில், அரசியல் உரிமை உடன்படிக்கை கூறுகிறது. 1979-ல் இந்தியா அதில் சேர்ந்தபோது, அந்த ஒரு வரி மட்டும் எங்களைக் கட்டுப்படுத்தாது என்று எழுதிக் கொடுத்துவிட்டுத்தான் சேர்ந்தது. வேண்டாம் என்று ஒதுக்கிய பண்டத்தை நாலு வருஷத்தில் நமது சுப்ரீம் கோர்ட்டே இலையில் பரிமாறிவிட்டது.

இனி, இந்தத் தவறு எப்படி நிகழ்கிறது என்று பார்க்க வேண்டும். ஒவ்வொரு ஜெயிலிலும் கொடுமைக்காரர் ஒருவர் உட்கார்ந்து கொண்டு கைதிகளை வேண்டுமென்றே பிடித்து வைப்பதாக எண்ணிவிடக் கூடாது. பெரும்பாலும் நடப்பது காகிதக் கோளாறு. ஆபீசில் உட்கார்ந்து எழுதுகிற நம் வாசகர்களுக்கு அது எளிதில் விளங்கும். மேல் கோர்ட் தண்டனையைக் குறைக்கிறது. அந்த உத்தரவு கீழ்க் கோர்ட்டுக்கு வர வேண்டும். கீழ்க் கோர்ட் அதைப் பார்த்துத் திருத்திய வாரண்டை ஜெயிலுக்கு அனுப்ப வேண்டும். ஜெயிலில் ஒருவர் அதைப் பதிவேட்டில் ஏற்றி, விடுதலை நாளை மறுபடி கணக்கிட வேண்டும். இடையில் கைதி வேறு ஜெயிலுக்கு மாற்றப்பட்டிருந்தால் காகிதம் பழைய ஜெயிலுக்குப் போய்த் திரும்பி வரும். ரிமாண்டில் இருந்த நாட்களைத் தண்டனையில் கழிக்க வேண்டும். 1973-ல் இயற்றிய கிரிமினல் நடைமுறைச் சட்டம் முதல் அந்த உரிமை உண்டு. கழித்தார்களா? இரண்டு தண்டனைகள் இருந்தால் ஒன்றாக ஓடுகின்றனவா, ஒன்றன்பின் ஒன்றா? ஒவ்வொரு கேள்வியிலும் ஒரு மாதமோ ஒரு வருஷமோ வழுக்கி விழ வாய்ப்பு இருக்கிறது.

குஜராத்தில் நடந்ததைக் கேளுங்கள். தண்டனையை நிறுத்தி வைத்து ஹைகோர்ட் பிறப்பித்த உத்தரவு 2020-ல் மின்னஞ்சலில் ஜெயிலுக்கு வந்துவிட்டது. அதோடு இணைத்திருந்த காகிதத்தை ஜெயிலில் திறக்க முடியவில்லையாம். திறக்க முடியாததைத் திறக்கும் வரை கைதி மூன்றாண்டு காத்திருந்தார். திறக்கவில்லையே, இன்னொரு தடவை அனுப்புங்கள் என்று ஒரு வரி எழுத எத்தனை நிமிஷம் ஆகும்? காஜியாபாத்தில் அதற்கு நேர்மாறு. அங்கே உத்தரவை அளவுக்கு மீறிக் கூர்ந்து படித்திருக்கிறார்கள். ஜாமீன் கொடுத்தது சுப்ரீம் கோர்ட். கேஸ் நம்பர் சரி, பெயர் சரி, குற்றம் சரி. சட்டப் பிரிவின் உட்பிரிவு ஒன்று மட்டும் எழுத விட்டுப் போயிற்று. அதைச் சாக்காக வைத்து ஆளை விடவில்லை. நாட்டின் மிக உயர்ந்த கோர்ட் சொன்னதை ஓர் உட்பிரிவு எழுத்து தடுத்து நிறுத்திவிட்டது!

2021-ல் ஆக்ரா ஜெயிலில் சுப்ரீம் கோர்ட் உத்தரவுக்குப் பிறகும் கைதிகளை விடத் தாமதம் ஆனபோது, இந்தக் காலத்திலுமா வானத்தைப் பார்த்துப் புறாத் தூதுக்குக் காத்திருப்பது என்ற பொருளில் தலைமை நீதிபதி ரமணா வருத்தப்பட்டார். 2022 மார்ச் 31-ல், சுப்ரீம் கோர்ட் உத்தரவுகளை நேரடியாக மின்வழியில் ஜெயிலுக்கு அனுப்பும் 'ஃபாஸ்டர்' ஏற்பாடு தொடங்கிற்று. நல்ல காரியந்தான். ஆனால் புறாவை மாற்றினால் போதுமா? புறா கொண்டுவந்ததைப் படித்து அன்றே செயல்பட வேண்டியவரும், படிக்காவிட்டால் பதில் சொல்ல வேண்டியவரும் இன்னார் என்று எங்கே எழுதி வைத்திருக்கிறது?

இதெல்லாம் பீகாரிலும் குஜராத்திலும் நடந்தவை, நமக்கென்ன என்று கருத வேண்டாம். வேறு ராஜ்யத்தில் பிழைக்கப் போனவனுக்குத்தான் இது முதலில் தைக்கும். மதுரைப் பக்கத்திலிருந்தோ தென்காசிப் பக்கத்திலிருந்தோ கொச்சிக்கு வந்து சுமை தூக்குகிறவர் ஒருவரை எண்ணிப் பாருங்கள். அடிதடிக் கேசில் மாட்டினார். மட்டாஞ்சேரி சப் ஜெயிலில் சில மாதம் ரிமாண்டு. தண்டனை ஆகி விய்யூர் மத்திய சிறைக்குப் போனார். தீர்ப்பு இங்கிலீஷில். ஜெயிலில் பேசுவது மலையாளம். பேசினால் புரிந்து கொள்வார், எழுத்தைப் படிக்கத் தெரியாது. ஊரில் மனைவிக்குத் தமிழ் எழுத்துக்கூடச் சரியாக வராது. இரண்டு வருஷமும் பத்தாயிரம் ரூபாய் அபராதமும், கட்டாவிட்டால் மேற்கொண்டு ஆறு மாதமும் என்று தீர்ப்பு இருந்தால், 'இரண்டரை வருஷம்' என்றுதான் ஊருக்குச் செய்தி போகும். பணம் கட்டினால் அந்த ஆறு மாதம் போய்விடும். ஓரளவு கட்டினாலும் அந்த அளவுக்கு நாள் குறையும் என்று அந்த அம்மாளுக்கு யார் சொல்வது? இப்படிப்பட்ட ஏழைக் கைதிகளின் அபராதத்தைக் கட்ட 25,000 ரூபாய் வரையிலும், ஜாமீன் தொகைக்கு 40,000 ரூபாய் வரையிலும் உதவ 2023-ல் மத்திய அரசாங்கம் ஒரு திட்டம் போட்டது. அப்படியொரு திட்டம் இருப்பது நம் வாசகர்களில் எத்தனை பேருக்குத் தெரியும் என்று கேட்டால், பாதிப் பேருக்கு மேல் இப்போதுதான் கேள்விப்படுகிறார்கள் என்றே நினைக்கிறோம்.

தண்டனை ஆகாமல் விசாரணைக் கைதியாகவே இருப்பவர்களின் நிலை இதைவிட மோசம். 1979 ஜனவரியில் ருஸ்தம்ஜி என்ற போலீஸ் அதிகாரி 'இந்தியன் எக்ஸ்பிரஸ்' பத்திரிகையில் எழுதிய இரண்டு கட்டுரைகளால்தான் பீகார் ஜெயில்களின் லட்சணம் வெளியே வந்தது. குற்றம் ருசுவானால் கிடைத்திருக்கக்கூடிய தண்டனையைவிட அதிக காலம் விசாரணைக்காகவே உள்ளே கிடந்தவர்கள் அங்கே இருந்தார்கள். கபிலா ஹிங்கொரானி என்ற பெண் வக்கீல் அந்தப் பத்திரிகைச் செய்தியை எடுத்துக் கொண்டு சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனார். அதற்கெல்லாம் பலனாக, பல ஆண்டு கழித்து, பாதித் தண்டனைக் காலம் உள்ளே கழித்தவரை ஜாமீனில் விட வேண்டும் என்று சட்டம் வந்தது. 2024 ஜூலை முதல் அமலில் உள்ள புதிய நடைமுறைச் சட்டத்தில், முதல் தடவை மாட்டியவருக்கு மூன்றில் ஒரு பங்கு காலமே போதும். அந்தக் காலம் நிறைந்ததும் கோர்ட்டுக்கு எழுத வேண்டிய கடமை ஜெயில் சூப்பரின்டெண்டுடையது. கைதி மனுப் போட வேண்டியதில்லை. மரண தண்டனை, ஆயுள் தண்டனைக்குரிய குற்றங்களுக்கும், பல கேசுகள் உள்ளவர்களுக்கும் இந்தச் சலுகை இல்லை.

வெளியூர்க்காரர் என்பதற்காகவே ஜாமீன் மறுக்கப்படும் கொடுமையைப் பற்றிச் சொல்லும்போது நீதிபதி வி.ஆர். கிருஷ்ண அய்யரை நினைக்காமல் இருக்க முடியாது. பாலக்காட்டுத் தமிழ்க் குடும்பத்தில் பிறந்தவர். 1948-ல் தாமே ஒரு மாத காலம் சிறையில் இருந்தவர். 1957-ல் அமைந்த கேரள மந்திரிசபையில் சிறைத் துறையையும் பார்த்தவர். எர்ணாகுளத்தில் வாழ்ந்து 2014-ல் மறைந்தவர். 1978-ல் மோதிராம் என்ற ஏழைக் கொத்தனாரின் வழக்கு அவர் முன் வந்தது. ஜாமீனில் விடலாம் என்று சுப்ரீம் கோர்ட் சொல்லியும், மத்தியப் பிரதேச மாஜிஸ்டிரேட் பத்தாயிரம் ரூபாய்க்கு ஜாமீன்தார் கேட்டார். அண்ணன் தம்பி முறையில் ஒருவர் வந்து நின்றபோது, அவர் வேறு ஜில்லாக்காரர், சொத்தும் வேறு ஜில்லாவில் என்று தள்ளிவிட்டார். கிருஷ்ண அய்யருக்குக் கோபம் வந்தது. ஒரு மலையாளியோ, தமிழரோ, கன்னடக்காரரோ, தெலுங்கரோ பஸ்தாரிலோ டெல்லி சாந்தினி சௌக்கிலோ கைதானால் அங்கே நிலபுலன் உள்ள ஜாமீன்தாருக்கு எங்கே போவார் என்று தீர்ப்பிலேயே கேட்டார். கொத்தனாரை ஆயிரம் ரூபாய்க்கு அவருடைய சொந்த உறுதியிலேயே விடச் சொன்னார். அந்தத் தீர்ப்பு நாற்பத்தேழு ஆண்டுக்கு மேலாகப் புத்தகத்தில் இருக்கிறது. உள்ளூர் ஜாமீன்தார் கிடைக்காமல் திண்டாடியவர்களின் கதை நம் சங்கங்களின் காரியதரிசிகளைக் கேட்டால் தெரியும்.

ஒரு ஆட்சேபத்துக்குப் பதில் சொல்ல வேண்டும். வாசகர் பலர் மனத்தில் அது எழுந்திருக்கும். மத்தியப் பிரதேசத்துக் கைதி பலாத்காரக் குற்றத்துக்காகத் தண்டனை பெற்றவர். அவருக்கு நம் வரிப் பணத்திலிருந்து 25 லட்சமா? அவரால் கெட்டழிந்த பெண்ணுக்கு யார் கொடுத்தார்கள்? நியாயமான கேள்வி. அந்தப் பெண்ணுக்குச் சேர வேண்டியதைக் கொடுப்பது அரசாங்கத்தின் தனிக் கடமை; அதைச் செய்யாவிட்டால் அதையும் கேட்க வேண்டும். ஆனால் அதற்கு ஈடாகக் குற்றவாளியை இன்னும் நாலு வருஷம் அடைத்து வைக்கும் அதிகாரம் ஜெயிலருக்குக் கிடையாது. அவர் செய்த குற்றத்தை நிறுத்துப் பார்த்து, ஏழு என்று சொன்னது ஹைகோர்ட். ஏழு போதாது என்றால் அரசாங்கம் அப்பீல் செய்திருக்க வேண்டும். பஜார் ரோட்டில் குறைத்து நிறுப்பவனைப் பிடித்துக் கொடுக்கிறோம். கூட்டி நிறுப்பவன் நம் பக்கம் நின்றால் விட்டுவிடுவோமா? மேலும், இன்று கெட்டவனுக்கு நீளும் கயிறு நாளை யார் கழுத்துக்கு நீளும் என்று சொல்ல முடியாது. ருதுல் ஷா நிரபராதி என்று கோர்ட் சொன்ன பிறகுதான் பதினான்கு ஆண்டு இருந்தார்.

தண்டனை முடிந்ததா என்று கோர்ட் சொன்ன பிறகும், அதை மறுபடி தாங்கள் ஆராய வேண்டும் என்று அதிகாரிகள் நினைப்பதும் உண்டு. டெல்லியில் பேர் போன ஒரு கொலை வழக்கில், குறைப்பு இல்லாத இருபது ஆண்டுத் தண்டனை பெற்ற ஒருவருக்கு 2025 மார்ச்சில் காலம் முடிந்தது. தண்டனை மறு ஆய்வு வாரியம் ஒப்பவில்லை என்று கூறி அவரை விடவில்லை. முடிந்துவிட்ட தண்டனைக்கு வாரியத்தின் சம்மதம் எதற்கு? 2025 ஆகஸ்டில் சுப்ரீம் கோர்ட் அதைத்தான் கேட்டது. இதேபோலத் தண்டனைக் காலம் முடிந்தும் உள்ளே இருப்பவர்கள் யார் யார் என்று பார்த்து, வேறு கேஸ் இல்லாவிட்டால் உடனே விடும்படி எல்லா மாநில உள்துறைச் செயலாளர்களுக்கும் உத்தரவின் நகலை அனுப்பச் சொல்லிற்று.

கேரள அரசாங்கத்துக்கு நஷ்டஈட்டின் கசப்பு புதிதல்ல. நாகர்கோவிலில் பிறந்த விஞ்ஞானி நம்பி நாராயணன், இஸ்ரோ ஒற்று வழக்கென்ற பொய் வழக்கில் 1994 நவம்பரில் இங்கே கைதாகி ஐம்பது நாள் சிறையிலிருந்தார். சி.பி.ஐ. 1996-லேயே வழக்கில் சாரமில்லை என்றது. 2018-ல் சுப்ரீம் கோர்ட் 50 லட்சம் ரூபாய் கொடுக்கச் சொன்னது. 2020-ல் கேரள அரசாங்கம் மேலும் 1 கோடியே 30 லட்சம் ரூபாய் கொடுத்து அவர் தொடுத்த வழக்கை முடித்துக் கொண்டது. அது கெடு தாண்டிய சிறை அல்ல, ஆரம்பத்திலேயே தவறான சிறை. இருந்தாலும் இங்கே அதைச் சொல்லக் காரணம் இருக்கிறது. படிப்பும் பெயரும் செல்வாக்கான நண்பர்களும் உடைய ஒருவர் இருபத்து நாலு ஆண்டு விடாமல் போராடிப் பெற்றது அது. மூட்டை தூக்குகிறவர் எத்தனை ஆண்டு போராடுவார்?

ஆகவே அவரைப் போராட விடாமலே கொடுக்கும்படி சட்டம் இருக்க வேண்டும் என்கிறோம். தண்டனைக்கு மேல், அல்லது விடுதலை உத்தரவுக்கு மேல், வைத்திருந்த ஒவ்வொரு நாளுக்கும் இவ்வளவு என்று அட்டவணை வேண்டும். முதல் வாரத்துக்கு ஒரு ரேட்டு, அதன் பிறகு நாள் ஏற ஏற ரேட்டும் ஏற வேண்டும், துறைமுகத்தில் ஏறுவதைப் போல. கைதி வெளியே வருகிற நாளன்றே ஜெயில் ஆபீசில் அந்தத் தொகை அவர் கையில் சேர வேண்டும். அது போதாது என்று நினைப்பவர் கோர்ட்டுக்குப் போகும் உரிமை அப்படியே இருக்கட்டும். மத்திய அரசாங்கம் செய்யும் வரை காத்திருக்க வேண்டியதில்லை. ஜெயில் மாநிலங்களின் அதிகாரத்தில் உள்ள விஷயம். 2010-ல் சிறைகளுக்கென்று தனிச் சட்டம் இயற்றிய கேரளத்துக்கு, அதிலே ஓர் அத்தியாயம் சேர்ப்பது பெரிய காரியமல்ல. தமிழ்நாட்டு அரசாங்கமும் இதைச் செய்யலாம். அங்கே ஜெயிலில் இருக்கும் வெளி மாநிலக்காரர்களுக்கும் நம்மைப் போன்ற கஷ்டந்தானே?

கொடுத்த பணத்தைத் தவறு செய்தவரிடம் வசூலிக்க வேண்டும் என்று சிலர் சொல்வார்கள். கேட்க நன்றாயிருக்கிறது. நடைமுறையில் அது எங்கே போய் முடியும் என்பது குமாஸ்தா வேலை பார்க்கிறவர்களுக்குத் தெரியும். சூப்பரின்டெண்டுக்கு மெமோ வரும். அவர் ஜெயிலருக்கு மெமோ கொடுப்பார். கடைசியில் தபாலைப் பதிவு செய்த கீழ்நிலைக் குமாஸ்தாவின் சம்பளத்தில் மாதம் ஆயிரம் ரூபாய் பிடிப்பார்கள். மூன்று பேர் வேலையை ஒருவர் பார்க்கும் ஆபீசில் தவறு நேராமல் என்ன செய்யும்? அரசாங்கம் முதலில் கொடுக்கட்டும். பிறகு, எந்த மேஜையில் காகிதம் நின்றது, ஏன் நின்றது என்று விசாரிக்கட்டும். வேண்டுமென்றே நிறுத்தியிருந்தால் பிடிக்கட்டும்.

இதைவிட முக்கியமானது, அதிக நாள் ஆகாமலே பார்த்துக் கொள்வது. அதற்கு ஒரு சின்னக் காகிதம் போதும். கைதி உள்ளே வந்த வாரத்திலேயே அவர் பெயர், கேஸ் நம்பர், கழித்த ரிமாண்டு நாட்கள், அபராதம் எவ்வளவு, கட்டினால் விடுதலை என்று, கட்டாவிட்டால் என்று என இரண்டு தேதிகள், இவ்வளவையும் எழுதிய ஒரு சீட்டை அவருக்குத் தெரிந்த மொழியில் அவர் கையில் கொடுக்க வேண்டும். மேல் கோர்ட் தண்டனையை மாற்றினால் புதுச் சீட்டு. இன்னொரு சீட்டு வீட்டு விலாசத்துக்குத் தபாலில். விய்யூரில் உள்ள தமிழருக்குத் தமிழில், வேலூரில் உள்ள மலையாளிக்கு மலையாளத்தில், ஒடியாக்காரருக்கு ஒடியாவில். ரேஷன் கார்டுக்கும் கரண்டு பில்லுக்கும் காகிதம் இருக்கும்போது இதற்கு இருக்கக் கூடாதா? தேதி கையில் இருந்தால் கைதியே நாளை எண்ணிக் கொண்டு கேட்பார். அவரைவிட அக்கறையாக அந்த நாளை எண்ணுகிறவர் இந்த உலகத்தில் வேறு எவர்?

மத்தியப் பிரதேசத்துக்குச் சுப்ரீம் கோர்ட் கட்டளையிட்ட கணக்கெடுப்பைக் கேரளமும் தானாகவே எடுத்து, முடிவைப் பத்திரிகைகளில் வெளியிட வேண்டும். ஒருவர்கூட அப்படி இல்லை என்றால் சந்தோஷம். அதையும் முதல் பக்கத்தில் போட நாம் தயார்.

அதுவரை, ஜெயிலில் ஆள் உள்ள குடும்பங்களுக்கு நம்மாலான யோசனை இது. தீர்ப்பின் நகல் ஒன்றை வீட்டில் வைத்துக் கொள்ளுங்கள். கைதான தேதி, ஜாமீனில் வந்த தேதி, திரும்பப் போன தேதி மூன்றையும் காலண்டரின் பின்புறத்திலாவது எழுதி வையுங்கள். அப்பீலில் தண்டனை குறைந்ததாக வக்கீல் சொன்னால், ஜெயிலுக்கு உத்தரவு போய்ச் சேர்ந்ததா என்று ஜெயில் சூப்பரின்டெண்டுக்கு ஒரு ரிஜிஸ்தர் தபால் போட்டு, ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். பதில் வராவிட்டால் தாலுகா கோர்ட்டில் உள்ள சட்ட உதவிக் கமிட்டிக்குப் போகலாம். ஜெயிலில் உள்ளவருக்கு வக்கீல் வைத்துக் கொடுக்க வேண்டியது அவர்கள் பொறுப்பு. தேசிய சட்டப் பணிகள் ஆணையத்தின் டெலிபோன் எண் 15100. எந்த ஊரிலிருந்தும் கூப்பிடலாம். அதற்குக் கட்டணம் கிடையாது.